ஏடுகாத்தி காலையில் எழுந்தால் என்ன செய்வாள்? (கற்பனை நாட்டுச் சுவடிச்சாலை: யோசனை தேவை)

நொய்யல்காரி:

எல்லாருக்கும் வணக்கமுங்க. மூணு வருசமா ஒரு மாயநாட்டு நாவல் எழுதிட்டிருக்கேன். நாட்டுக்குப் பேர் ஏழுதுறை. பேர்தான் கற்பனை, மண்ணு நம்ம காங்கயத்து மண்ணுதான். கிளுவை வேலி போட்ட கொரங்காடு, வெள்வேலாமரம், ஆழக்கிணறு, மேற்கே மலையில ஒரு கணவாய், அது வழியா ஆடி மாசம் பூரா அடிக்கிற காத்து.

நாயகி பேரு பாவாயி, 42 வயசு. நாட்டோட சுவடி முச்சூடும் இருக்கிற ஏட்டுச்சாலைக்கு அவதான் ஏடுகாத்தி. மலைக்குகைக்குள்ள நாலாயிரம் சுவடி. இருட்டுல ஒளிவிடும், அவ கிட்டப் போனா பேர் சொல்லிக் கூப்பிடும், எத்தனை காலம் ஆனாலும் அழியாது.

பதினாலு அத்தியாயம் முடிச்சுட்டுத் திருப்பிப் படிச்சா, பாவாயி ஒரு வேலையும் செய்யல. விளக்கை எடுத்துட்டு நடக்கறா, நிக்கறா, சுவத்தைப் பார்க்கறா. அவளுக்கு இன்னும் உயிர் வரலைங்க. காலையில எந்திரிச்சு என்ன வேலை பார்ப்பா? அவளைத் தேடி யாரு வருவாங்க? எதுக்குப் பயப்படுவா? சுவடி, கல்வெட்டு, நிலக்கணக்கு, எதுலயாச்சும் கைப்பழக்கம் இருக்கிறவங்க சொல்லுங்க.

பனையோலை:

அக்கா, சிக்கல் பாவாயியிடம் இல்லை, ஏட்டில் இருக்கிறது. அழியாத ஏட்டுக்குக் காவல்காரி எதற்கு? ஒரு பூட்டு போதுமே.

நான் ஒரு நூலகத்தில் ஓலைச்சுவடி பராமரிக்கும் வேலையில் 11 வருடமாக இருக்கிறேன். சொந்த ஊர் கோபி. என் காலை எப்படிப் போகும் என்று சொல்கிறேன், வேண்டியதை எடுத்துக்கொள்ளுங்கள்.

வந்ததும் கட்டை அவிழ்க்க மாட்டேன். வெள்ளைத் துணி விரித்து அதன்மேல் சுவடியை வைத்து மெல்ல ஒரு தட்டு. மாவு மாதிரி உதிர்ந்தால் உள்ளே ராமபாணம் இருக்கிறது. பேருக்கேற்ற பூச்சி. முதல் ஏட்டில் நுழைந்தால் அம்பு போன தடம் மாதிரி கடைசி ஏடு வரை துளைத்துக்கொண்டு போகும். நூறு ஏட்டிலும் ஒரே இடத்தில் எழுத்து போயிருக்கும். கரையானின் வழி வேறு, அது ஓரத்திலிருந்து தின்றுகொண்டு வரும். எது தின்றது என்று தெரிந்தால்தான் எது மிச்சம் என்று கணக்குப் போட முடியும்.

பிறகு கயிறு, மேல்சட்டம், கீழ்ச்சட்டம். ஏடு ஒன்றோடொன்று ஒட்டியிருந்தால் இழுக்கக் கூடாது. ஒரு சுவடியைப் பிரிக்க மூன்று நாள் உட்கார்ந்திருக்கிறேன். மென்தூரிகையால் தூசி எடுத்து, புல்தைலத்தைப் பஞ்சில் தொட்டு இரண்டு பக்கமும் தடவுவேன். வறண்ட ஓலை மறுபடி வளையும், பூச்சியும் அண்டாது.

அடுத்ததுதான் நீங்கள் எழுத வேண்டிய இடம். எழுத்தாணி கீறிய எழுத்துக்கு நிறமே கிடையாது. பழைய ஏட்டைக் கையில் எடுத்தால் வெறும் ஓலைதான் தெரியும். விளக்குக்கரியை எண்ணெயில் குழைத்துப் பூசித் துடைத்தால் கீறலுக்குள் மட்டும் கரி தங்கி எழுத்து எழுந்து வரும். அந்தக் காலத்தில் மஞ்சள், ஊமத்தை இலைச்சாறு, கோவை இலைச்சாறு எல்லாம் சேர்ப்பார்கள். உங்கள் ஏடு இருட்டில் ஒளிவிட வேண்டாம் அக்கா. பாவாயி ஒரு துடை துடைத்ததும், அவள் பாட்டி காலத்திலிருந்து யாரும் படிக்காத வரி கறுப்பாக எழுந்து வரட்டும். அதை நான் முதல்தடவை பார்த்த அன்று மதியச் சோறு இறங்கவில்லை.

குகையையும் விட்டுவிடுங்கள். குகை என்றால் ஈரம், ஈரம் என்றால் பூஞ்சை. நம் பக்கம் மழைமறைவுப் பூமி, கோவையில் ஆண்டுக்கு 600, 700 மில்லிமீட்டர் பெய்தால் அதிகம். கணவாய்க்கு அந்தப் பக்கம் ஏட்டுக்கு எதிரி பூஞ்சை, இந்தப் பக்கம் எதிரி வறட்சி. ஓலை முறுகி அப்பளம் மாதிரி ஒடியும். பாவாயிக்குத் தடித்த மண்சுவர் வைத்த தொட்டிக்கட்டு வீடு கொடுங்கள். மேற்கு ஜன்னல் ஆடியில் திறக்கவே கூடாது.

கிளுவைவேலி:

ஆடிக் காத்துல அம்மியே பறக்கும்பாங்க, ஓலை எந்த மூலைக்கு.

அம்மணி, எங்க அமுச்சி (அம்மாவோட அம்மா) ஊட்டு அட்டாலில ஒரு பனம்பெட்டி நெறைய ஏடு இருந்துச்சு. நான் அஞ்சாப்பு படிக்கறப்ப ஆடிப் பதினெட்டுக்குப் பவானி கூடுதுறைக்கு வண்டி கட்டிட்டுப் போனோம். பெட்டியோட கொண்டுபோய் ஆத்துல உட்டுட்டாங்க. அழிக்கோணும்னு செய்யலீங்க. படிக்க ஆளில்லாத ஏடு ஊட்டுல கெடந்தா ஆகாது, தீயில போட்டா பாவம், ஆத்துல உட்டா மரியாதைன்னு பெரியவிய சொன்னாங்க. கட்டு அவுந்து ஒவ்வொண்ணா மெதந்து போச்சு. எனக்கு இன்னிக்கும் கண்ணுல நிக்குது.

நொய்யல்காரி:

ஐயா, அந்தப் பெட்டியில என்ன இருந்துச்சுன்னு யாருக்காச்சும் தெரியுங்களா?

கிளுவைவேலி:

தெரியலீங் அம்மணி. மாட்டு வாகடம்னு, அதான் மாட்டு வைத்திய ஏடுன்னு, அப்புச்சி சொன்னாப்ல ஞாபகம். அம்மா சாதகக் கட்டுன்னு சொல்லும். அமுச்சிக்கு எழுத்தே தெரியாது. ஆனா வருசா வருசம் சரசுவதி பூசைக்குப் பெட்டியை எறக்கி, தொடைச்சு, பழைய வசம்பை எடுத்துட்டுப் புது வசம்பு வெச்சு, மஞ்சத்துணி மாத்தி, திரும்ப ஏத்தி வெக்கும். நாப்பது வருசம் அதைச் செஞ்சுது. அப்புச்சி போனப்பறம்தான் ஆத்துல உட்டது. அன்னிக்கு அமுச்சி கூடுதுறைக்கு வரலை.

நொய்யல்காரி:

படிக்கத் தெரியாமயே நாப்பது வருசம் காப்பாத்தியிருக்காங்க. ஐயா, உங்க அமுச்சியை நான் கதைக்குள்ள எடுத்துக்கலாம்ங்களா? பேரு மாத்திக்கறேன்.

கிளுவைவேலி:

எடுத்துக்க கண்ணு.

நொய்யல்காரி:

சரி, ஏடு இனி அழியும். குகை போச்சு, ஒளி போச்சு, பேர் சொல்லிக் கூப்பிடறதும் போச்சு. பனையோலை தம்பி, நல்லாப் பார்த்துக்கிட்டா ஒரு ஏடு எத்தனை வருசம் இருக்கும்?

பனையோலை:

நன்றாகப் பார்த்துக்கொண்டால் 300, 400 வருடம். அதற்குமேல் பெரும்பாலும் நிற்காது. சங்கப் பாட்டு நம் கைக்கு வந்தது பழைய ஏடு நின்றதால் இல்லை. தலைமுறைக்குத் தலைமுறை யாரோ ஒருவர் உட்கார்ந்து படியெடுத்தார். நடுவில் ஒரு தலைமுறை சும்மா இருந்திருந்தால் முடிந்தது.

அதனால் பாவாயியின் முக்கிய வேலை காவல் இல்லை, படியெடுப்பதுதான். இடக்கையில் ஓலை, வலக்கையில் எழுத்தாணி. இடக்கைக் கட்டைவிரல் நகத்தை வளர்த்து, அதில் பிறை மாதிரி ஒரு வெட்டு இருக்கும். எழுத்தாணி அதில் அணைந்து நிற்க, ஓலைதான் நகரும். அந்த நகத்தைப் பார்த்தே ஆள் ஏடு எழுதுகிறவர் என்று சொல்லிவிடலாம். பாவாயி சோறு பிசையும்போதும், ஆடு பிடிக்கும்போதும், யாரோடாவது சண்டை போடும்போதும் அந்த நகத்தைக் காப்பாற்றித்தான் ஆக வேண்டும்.

இன்னொன்று. ஏட்டில் புள்ளி வைக்க மாட்டார்கள், வைத்தால் ஓலை கிழியும். எகர ஏகார வேறுபாடும் ஒகர ஓகார வேறுபாடும் எழுத்தில் தெரியாது. காலும் ரகரமும் ஒன்றுபோல இருக்கும். 18ஆம் நூற்றாண்டில் வீரமாமுனிவர் செய்த திருத்தத்துக்குப் பிறகுதான் நெடில் கொம்பு தனியாக வந்தது. அதனால் நிலம் அளக்கும் 'கோல்' என்ற சொல்லும் உயிரை எடுக்கும் 'கொல்' என்ற சொல்லும் ஏட்டில் ஒரே வடிவம்தான். இடம் பார்த்துத்தான் படிக்க வேண்டும். எழுதினவன் ஏட்டைக் கெடுத்தான், படித்தவன் பாட்டைக் கெடுத்தான் என்ற பழமொழி சும்மா வரவில்லை.

நொய்யல்காரி:

கோல், கொல்! ஒரு அத்தியாயமே கிடைச்சுருச்சு தம்பி. நடுராத்திரியில எந்திரிச்சு எழுதி வச்சுட்டேன்.

கல்லெழுத்து:

ஓலையோடு கல்லும் இருந்ததை மறந்துவிட வேண்டாம். ஈரோட்டுப் பக்கம் அரச்சலூர் நாகமலைக்கு நான் மூன்று தடவை ஏறியிருக்கிறேன். அங்கே ஐந்து வரி, வரிக்கு ஐந்து எழுத்து என்று தாள எழுத்துகளை ஒரு கட்டமாக வெட்டியிருக்கிறார்கள். குறுக்கே படித்தாலும் நெடுக்கே படித்தாலும் ஒன்றுதான் வரும். பக்கத்திலேயே, இந்த எழுத்துகளைச் சேர்த்தவன் மணிய வண்ணக்கன் தேவன் சாத்தன் என்று பெயரும் இருக்கிறது. வண்ணக்கன் என்றால் காசு, மணி ஆகியவற்றின் தரம் பார்ப்பவர்.

பாறை நிழலில் உட்கார்ந்து அந்தக் கட்டத்தை நோட்டில் எழுதிப் பார்த்தேன். குறுக்கும் நெடுக்கும் ஒன்றாக இருப்பதால், மூலைவிட்டத்து ஐந்து எழுத்து தவிர மற்ற ஒவ்வொன்றும் இரண்டு இடத்தில் இருக்கிறது. ஓரிடத்தில் பாறை பெயர்ந்தாலும் எதிர்ப்பக்கத்தைப் பார்த்து நிரப்பிக்கொள்ளலாம். அவர் அதற்காகத்தான் அப்படி அடுக்கினாரா என்று சொல்ல முடியாது, தாளத்துக்காகவே இருக்கலாம். ஆனால் பாவாயியின் ஊரில் முக்கியமான வரிகளை இப்படிக் கட்டமாக எழுதும் வழக்கம் இருந்தால் ராமபாணத்துக்கு ஒரு பதில் கிடைக்கும்.

அடுத்தது ஆண்டு. நம் ஏடுகளில் முடிவுரை இருக்கும்: இன்ன வருடம், இன்ன மாதம், இன்னார் எழுதி முடித்தது, குருவே துணை. ஆனால் வருடம் 60 பெயர்ச் சுற்றில் ஒரு பெயர்தான். தாது என்று இருந்தால் எந்தத் தாது? நம் பாட்டிமார் பஞ்சக்கதை சொன்ன 1876ஆம் ஆண்டுத் தாதுவா, 1816ஆ, 1756ஆ? படியெடுப்பவர் முடிவுரையையும் சேர்த்துப் படியெடுத்துவிட்டால் இன்னும் குழப்பம்.

நொய்யல்காரி:

இதைப் படிச்சுட்டு நேத்து பூராக் கணக்குப் போட்டேன். கதைக்காக நானா வச்சுக்கிட்ட கணக்கு: ஒரு ஏடெழுதி நாளுக்கு 8 ஏடு, வருசத்துல 300 நாள். சுவடிக்கு நூறு ஏடுன்னா வருசத்துக்கு 24 சுவடி. ஏட்டுச்சாலையில 4,000 சுவடி இருக்கு. பாவாயி 40 வருசம் எழுதினாலும் 960தான். மிச்சம் 3,040 அழிஞ்சு போகும். எதைக் காப்பாத்தறதுன்னு தவிக்கறா. இதுதான் இனிக் கதையோட முடிச்சு.

தறிச்சத்தம்:

அக்கா, கணக்கு உதைக்குதுங்க. ஏடு 300 வருசம் நிக்கும்னா, வருசத்துக்கு 24ன்னு 4,000 சுவடியையும் படியெடுக்க 167 வருசம் போதும். ஒரு ஆள் போனா அடுத்த ஆள் உக்காந்தாச் சரி. ஒண்ணுகூட அழியாது. பாவாயி தவிக்க வேண்டியதே இல்ல.

நொய்யல்காரி:

ஆமா தம்பி. சரியாப் பிடிச்சீங்க. அவ ஒரு ஆயுசையே பார்த்தேன், ஏட்டோட ஆயுசைச் சேர்த்துப் பார்க்கல.

கல்லெழுத்து:

மாயநாடுதானே, ஏட்டின் ஆயுளை 60 வருடம் என்று வையுங்கள். எழுதிய வருடத்தின் பெயர் மறுபடி வரும்போது அந்த ஏடு உதிர்ந்துவிடும். கணவாய்க் காற்று கொண்டுபோய்விடும். உங்கள் நாட்டு மாயம் அது ஒன்றே போதும்.

தறிச்சத்தம்:

அப்படி வச்சா அழகா வருதுங்க. 4,000 சுவடி, 60 வருசம். வருசத்துக்கு 67 சுவடி தவணைக்கு வரும். மூணு ஏடெழுதி இருந்தா 72 எழுதலாம், தாராளமா ஓடும். ஒரே ஆள்னா 24. அப்ப 43 சுவடி அந்த வருசமே போகும். மொத்தமா நாலாயிரத்தைப் பார்த்துத் தவிக்க வேண்டியதில்லை அக்கா. ஒவ்வொரு சித்திரையிலும் 67 கட்டு அவ முன்னாடி வந்து உக்காரும், அதுல 24ஐ எடுக்கோணும். சென்னிமலையில நாங்க தறிக்குப் பாவு போடறப்ப, ஒரு பாவுல எத்தனை போர்வை இறங்கும்னு முன்னாடியே தெரியும், அதுக்குத் தக்கபடிதான் ஆர்டர் எடுப்போம். அந்தக் கணக்குப் புத்திதான் இதுவும்.

நொய்யல்காரி:

மூணு பேர் இருந்தாங்க, ஏழுதுறையில பஞ்சம் வந்தப்ப ரெண்டு பேர் குடும்பத்தோட கிளம்பிட்டாங்க. பாவாயி ஒருத்திதான் மிச்சம். வருசத்துக்கு 67, அதுல 24. இந்த இழையை ஆரம்பிச்சப்ப இதை நினைச்சே பார்க்கல.

கணக்குப்புள்ள பேரன்:

எல்லாம் சரிங்க. ஆனா உங்க ஏட்டுச்சாலைக்கு ஆளே வர்றதில்லையே. ஏடு இருக்கிற இடத்துக்குச் சண்டை தானா வரும்.

எங்க அப்பாரு (அப்பாவோட அப்பா) தாராபுரம் பக்கம் கிராமக் கணக்கு. 1980ல கர்ணம், மணியம் பதவியெல்லாம் அரசாங்கம் ஒழிச்சப்ப அவருக்கு ஐம்பத்தஞ்சு வயசு. அதுவரைக்கும் எங்க ஊட்டு ஆசாரத்துத் திண்ணைதான் ஆபீசு. காலையில ஆறு மணிக்கு முன்னாடியே ரெண்டு பேர் உக்காந்திருப்பாங்க. கிணத்துல அண்ணனுக்கு எத்தனை பங்கு தம்பிக்கு எத்தனை, இட்டேரி யாருது, வாய்க்காத் தண்ணி முறை பொழுது உழுந்தப்பறம் யாருக்குன்னு. அப்பாரு அடங்கலை, அதான் ஊர் நிலக்கணக்குப் பதிவேட்டை, பிரிக்கிறதுக்கு முன்னாடியே அவருக்குப் பதில் தெரியும். ஆனாலும் பிரிச்சுக் காட்டித்தான் சொல்லுவாரு. மனசுல இருந்து சொன்னா அது கணக்கன் சொன்னது ஆயிரும், பொஸ்தகத்துல இருந்து சொன்னாத்தான் ஊர் கேக்கும்பாரு.

யார் ஊட்டு விருந்துக்கும் போகமாட்டாரு. கண்ணாலம், காதுகுத்து, நோம்பி, எதுக்கும் மொய்யைக் குடுத்து அனுப்பிருவாரு. சொந்தத் தங்கச்சி மகன் கண்ணாலத்துக்கும் பந்தியில உக்காரலை. ஒருத்தன் சோத்தைத் தின்னுட்டு மறுநாள் அவனுக்கு எதிரா அடங்கலைப் பிரிக்க முடியாதுன்னாரு. எங்க அப்பத்தாளுக்கு அந்த வெசனம் சாகற வரைக்கும் இருந்துச்சு. ஒறம்பரை எல்லாம் உட்டுப் போச்சுங்க. பாவாயிக்கு இது இருக்கோணும். ஊர் ரகசியம் முச்சூடும் தெரிஞ்சவ, ஒரு ஊட்டுலயும் கை நனைக்காதவ.

பதவி போன அன்னிக்குப் பதிவேட்டையெல்லாம் கட்டி வண்டியில ஏத்தி அனுப்பிச்சாரு. அடுத்த நாள் காலையிலயும் ரெண்டு பேர் வந்து திண்ணையில உக்காந்திருந்தாங்க. பல வருசம் கழிச்சு எங்க பாகப்பிரிவினைக்கு ஒரு பக்க நகல் கேட்டுப் போனப்ப, அந்த வருசத்துப் பதிவேடு கரையான் தின்னுருச்சுன்னு சொன்னாங்க. அப்பாரு ஒண்ணும் பேசலை. ஊட்டுக்கு வந்து அந்தப் பக்கத்துல இருந்ததை அப்படியே ஒரு வெள்ளைத்தாள்ல எழுதிக் குடுத்தாரு. சர்வே நம்பர், பரப்பு, தீர்வை எல்லாம். சட்டத்துக்கு அது செல்லாது. நான் இன்னும் வச்சிருக்கேன்.

நொய்யல்காரி:

அண்ணா, இதைப் படிச்சுட்டு ரொம்ப நேரம் வேற வேலை ஓடலை. கை நனைக்காதவ. அப்படியே எடுத்துக்கறேன்.

உடுக்கை:

எல்லாரும் ஏடு, ஏடுன்னு பேசறீங்க. நான் கொஞ்சம் வேற பக்கம் இருந்து பேசறேன், தப்பா எடுத்துக்காதீங்க.

எங்கப்பா கொங்குக் கல்யாணத்துல மங்கல வாழ்த்துச் சொல்றவரு. நாவிதர், குடிமகன்னு கூப்பிடுவாங்க. கம்பர் பாடுனதுன்னு சொல்ற அந்தப் பாட்டு முழுசும் அவர் வாயில இருக்கு. பந்தல்ல இருந்து ஒவ்வொரு சீரும் அந்தப் பாட்டுக்குள்ள இருக்கு. பெரிய பெரிய பண்ணாடிமாருக்கே ஒரு சீர் மறந்து போச்சுன்னா எங்கப்பாவைத்தான் திரும்பிப் பார்ப்பாங்க. அப்ப அந்த ஊருக்கு ஆவணக்காப்பாளர் யாரு? அவருதானே. ஆனா பாட்டு முடிஞ்சப்பறம் அவருக்குப் பந்தியில எங்க இலை போட்டாங்கன்னு நான் சின்ன வயசுல பார்த்திருக்கேன். கணக்குப்புள்ள ஊட்டு அப்பாரு தானா வேண்டாம்னு உக்காரலை. எங்கப்பாவுக்கு அந்த வேண்டாம் சொல்ற உரிமை இல்ல.

அதனால கேக்கறேன். ஏழுதுறையில ஏட்டைத் தொட யாருக்கு உரிமை? பாவாயி எந்தத் தெரு? அந்த 67 கட்டுல எங்கப்பா மாதிரி ஆளோட பாட்டு எத்தனை?

நொய்யல்காரி:

ரெண்டு நாளா இதுக்கு என்ன சொல்றதுன்னு யோசிச்சேன். பாவாயி எந்தத் தெருன்னு நான் எழுதவே இல்ல. எழுதாம விட்டா, படிக்கிறவங்க அவளைப் பெரிய வீட்டுப் பொண்ணுன்னுதான் நினைச்சுக்குவாங்க. அது என் தப்பு.

இப்ப இப்படி யோசிக்கறேன். பாவாயி ஏடெழுதி குடும்பம் இல்ல. ஏட்டுச்சாலையைக் கூட்டித் தொடைக்க வந்தவ. பத்து வயசுல இருந்து ஏட்டுக்குக் கரி பூசித் தொடைக்கிறது அவ வேலை. தொடைக்கத் தொடைக்க எழுத்து எந்திரிச்சு வரும், பார்த்துப் பார்த்துப் படிக்கத் தெரிஞ்சுக்கிட்டா. அவளுக்குப் படிக்கத் தெரியும்கிறது அந்த மூணு பேருக்கும் தெரியாது. பஞ்சத்துல ரெண்டு பேர் போய், கடைசி ஆளும் கண் தெரியாம ஆனப்பத்தான் அவ எழுத்தாணியைத் தொடறா. அண்ணா, சரியா இருக்குங்களா?

உடுக்கை:

சரியா இருக்குங்க. நகத்துல பிறை வெட்டறதை யார் அவளுக்குச் சொல்லித் தருவாங்க? யாரும் தரமாட்டாங்க. தானா வெட்டி ரெண்டு தடவை நகம் பிளந்திருக்கோணும். அதை எழுதுங்க.

பனையோலை:

உடுக்கை அண்ணன் கேட்டது நியாயம். ஆனால் ஒன்றில் எனக்கு மாற்றுக்கருத்து. வாயில் இருப்பதை ஏட்டுக்குச் சமமான காப்பகம் என்று எடுத்துக்கொண்டால், ஒரு நல்ல பாடகர் சாகும்போது எல்லாமே போய்விடுகிறது. ஏட்டில் இருந்திருந்தால் தப்பியிருக்கும்.

உடுக்கை:

தம்பி, கிளுவைவேலி ஐயா ஊட்டு ஏடு ஆத்தோட போச்சே. பொன்னர் சங்கர் அண்ணன்மார் கதையை உடுக்கடிச்சு ராத்திரி ராத்திரியாப் பாடறதை நீங்க கேட்டிருப்பீங்க. வீரப்பூர் மண்ணும் படுகளமும் இன்னிக்கும் சனங்க கண்ணுல நிக்குது. காலிங்கராயன் வாய்க்கால் பாம்பு ஊர்ந்த தடத்துல வெட்டினதுன்னு ஈரோட்டுப் பக்கம் சின்னப் பசங்ககூடச் சொல்லும். 13ஆம் நூத்தாண்டு வாய்க்கால், 700 வருசத்துக்கு மேல அந்தப் பழமை நிக்குது. பாம்பு உண்மையான்னு கேக்காதீங்க. நின்னுச்சா இல்லையா?

பனையோலை:

நின்றது அண்ணா. ஆனால் தண்ணீர் முறை யாருக்கு எத்தனை நாழிகை என்பது பாம்புக் கதையில் நிற்காது.

கணக்குப்புள்ள பேரன்:

அதுதான் நானும் சொல்றேன். 67ல 24ன்னா முதல்ல நிலப்பட்டயம், தண்ணி முறை. அது போச்சுன்னா அடுத்த வருசம் வெட்டுக்குத்து ஆயிரும்.

கிளுவைவேலி:

மாட்டு வாகடத்தை உட்டுராதீங்க. கோமாரி வந்தா பட்டயத்தை வெச்சு என்ன பண்றது.

கல்லெழுத்து:

நடுவில் ஒன்று சொல்ல வேண்டும். இது எனக்கே இந்த விவாதத்தைப் படித்தபோதுதான் உறைத்தது.

கொடைப் பட்டயங்களின் கடைசியைப் பாருங்கள். இந்தத் தர்மம் சந்திரர் சூரியர் உள்ளவரை நடக்க வேண்டும், இதற்குக் கெடுதல் செய்தவர் கங்கைக்கரையில் காராம்பசுவைக் கொன்ற பாவத்தில் போவார் என்று இருக்கும். இருபது வருடமாகக் கல்வெட்டு பார்க்கிறேன், நிலக்கொடை, வரிக்கொடை, கோயில்கொடை என்று இந்த வரி திரும்பத் திரும்ப வரும். ஒரு தாலாட்டுக்கோ மாட்டு வாகடத்துக்கோ கீழே இந்தச் சாபம் எழுதியிருந்து நான் பார்த்ததில்லை.

ஏழுதுறையில் அந்தச் சாபம் உண்மையாகவே பலிக்கும் என்று வையுங்கள். பட்டயத்தை உதிர விட்ட ஏடெழுதியின் வீட்டில் கெட்டது நடக்கும். அப்போது அறுபது வருடத்துக்கு ஒருமுறை எல்லா ஏடெழுதிகளும் பயந்துகொண்டு எதை முதலில் படியெடுத்திருப்பார்கள்?

தறிச்சத்தம்:

பட்டயத்தை. சாபம் இல்லாததெல்லாம் ஒவ்வொரு சுத்துலயும் கொஞ்சம் கொஞ்சமா உதிர்ந்திருக்கும்.

உடுக்கை:

பாட்டு எல்லாம் போயிருக்கும். மிச்சம் இருக்கிறது முக்கால்வாசி பட்டயமாத்தான் இருக்கும். அவங்க காப்பாத்துனது யாரு நிலத்தை வச்சிருந்தாங்களோ அவங்களை.

நொய்யல்காரி:

பொறுங்க, பொறுங்க. அப்ப பாவாயி கிட்ட வர்ற 67 கட்டுல ஐம்பது, ஐம்பத்தஞ்சு பட்டயமா இருக்கும். மிச்சம் பன்னண்டு, பதினேழுதான் பாட்டும் வாகடமும். இருக்கிற பட்டயத்தை எழுதவே 24 பத்தாது. சாபத்துக்குப் பயந்தா ஒரு பாட்டைக்கூட எழுத முடியாது. ஒரு பாட்டை எழுதினா ஒரு பட்டயம் உதிரும், சாபம் அவ தலையில.

அவளுக்குப் புள்ளை குட்டி இருக்கா? இதுவரைக்கும் இல்லைன்னு எழுதியிருந்தேன். இப்ப இருக்கோணும் போல இருக்கு. இல்லைன்னா அவளுக்கு அது ரொம்பச் சுளுவாப் போயிரும்.

கணக்குப்புள்ள பேரன்:

இருக்கட்டும். ஒரு மகள். அந்த மகளைக் கட்டிக்குடுத்த ஊட்டுப் பட்டயமும் அந்த வருசத்து 67ல ஒண்ணா வரட்டும். அந்த ஒரு ஊட்டுல மட்டும் தான் கை நனைச்சுட்டோம்னு அவளுக்கே அப்பத்தான் தெரியோணும்.

பட்டயம்தான் முதல்லன்னு சொன்ன ஆள் நான். இப்பவும் அதுல மாறலை. ஒரு பட்டயம் போனா ஒரு குடும்பம் தெருவுல நிக்கும், அதை லேசா எழுதிராதீங்க. பட்டயத்துக்காரங்க எல்லாரும் பெரிய பண்ணாடி இல்ல, ரெண்டு ஏக்கராக் காட்டை வச்சுக்கிட்டு உசிரைப் புடிச்சிட்டிருக்கிறவனும் அதுல இருப்பான்.

உடுக்கை:

அது சரிதாங்க. அந்த ரெண்டு ஏக்கராக்காரன் பேரையும் எழுதுங்க அக்கா.

நொய்யல்காரி:

முதல் அத்தியாயத்தைத் திருப்பி எழுதினேன். ஒரு துண்டு போடறேன், பார்த்துச் சொல்லுங்க.

"கோழி கூப்பிடும் முன்னே எழுந்த பாவாயி, வாசல் தெளித்துவிட்டு ஆசாரத்துக்குள் போனாள். அறுபத்தேழு கட்டும் வெள்ளைத் துணிமேல் வரிசையாக இருந்தன. மேற்குச் சுவருக்கு அந்தப் பக்கம் காற்று கதவைத் தள்ளிப் பார்த்துக்கொண்டிருந்தது. முதல் கட்டைத் தட்டினாள். மாவு உதிரவில்லை. அவிழ்த்து, பஞ்சில் தைலம் தொட்டுத் தடவி, கரி பூசித் துடைத்தாள். யாரோ ஒரு பெண், பெயர் இல்லை, பிரசவ வலிக்கு என்னென்ன கொடுத்தாள் என்று எழுதச் சொல்லியிருந்தாள். கடைசி ஏட்டைத் திருப்பினாள். சாபம் இல்லை. அதை இடப்பக்கம் வைத்தாள். இடப்பக்கத்தில் இப்போது பதினோரு கட்டு. திண்ணையில் யாரோ செருமினார்கள். பொழுது இன்னும் கிளம்பவில்லை, அதற்குள் ஆள் வந்தாயிற்று."

கிளுவைவேலி:

நல்லா இருக்குது அம்மணி. அமுச்சி ஞாபகம் வந்துருச்சு.

பனையோலை:

அக்கா, ஒரு திருத்தம். தைலம் தடவிய உடனே கரி பூசினால் ஓலை முழுக்கக் கறுத்துவிடும், எழுத்து தெரியாது. எண்ணெய் ஓலைக்குள் இறங்க நேரம் விட வேண்டும். முந்தின நாள் சாயங்காலமே தடவி நிழலில் வைத்ததாக எழுதுங்கள். காலையில் கரி மட்டும் பூசட்டும். இன்னொன்று, விளக்கை ஏட்டுக்கு நேர் மேலே பிடிக்க வேண்டாம். பக்கவாட்டில் தாழ்வாக வைத்தால்தான் கீறலின் நிழல் விழுந்து எழுத்து தெரியும்.

நொய்யல்காரி:

மாத்திட்டேன் தம்பி. விளக்கு இப்ப தரையில இருக்கு.